அடிக்காமல் விடப் பழகுங்கள்: ‘எம்.எல்.பி. தி ஷோ 25’ புதிதாக ஆடுவோருக்கு

பேஸ்பாலில் பிட்சர், அதாவது பந்து வீசுபவர், நிற்கும் மேட்டுக்கும் பேட்டர் நிற்கும் ஹோம் பிளேட்டுக்கும் இடையே 60 அடி 6 அங்குலம். மணிக்கு 95 மைல் வேகத்தில் வரும் ஃபாஸ்ட்பால் அதைக் கடக்க ஏறக்குறைய 0.4 விநாடி எடுத்துக்கொள்ளும். அதற்குள் பந்தைப் பார்த்து, எந்த வகை என்று கண்டுபிடித்து, அடிக்கலாமா விடலாமா என்று முடிவெடுத்து, பட்டனை அழுத்த வேண்டும். இந்த பேஸ்பால் வீடியோ கேமில் புதியவர்கள் படும் பாடு முழுவதும் அந்த 0.4 விநாடிக்குள்தான் நடக்கிறது. அதில் ஒரு துளியைக்கூட வீணாக்காமல் இருப்பது எப்படி என்பதைத்தான் இங்கே படிப்படியாகப் பார்க்கப் போகிறோம்.

அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பாலை (எம்.எல்.பி.) வைத்து சான் டியேகோ ஸ்டூடியோ உருவாக்கும் ‘தி ஷோ’ வரிசை 2006இல் தொடங்கியது. பல ஆண்டுகள் பிளேஸ்டேஷனில் மட்டும் இருந்தது, 2021இல் எக்ஸ்பாக்ஸுக்கும் 2022இல் நின்டெண்டோ ஸ்விட்சுக்கும் போனது. 25ஆம் பதிப்பு 2025 மார்ச்சில் பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ், எஸ், ஸ்விட்ச் ஆகியவற்றுக்கு வந்தது. பிளேஸ்டேஷன் 4 வைத்திருப்பவர்களுக்கு 24தான் கடைசிப் பதிப்பு. கம்ப்யூட்டரில் மட்டும் ஆடுபவர்கள் ‘சூப்பர் மெகா பேஸ்பால் 4’ பக்கம் போகலாம். பொம்மை போன்ற உருவங்களைப் பார்த்து ஏமாற வேண்டாம், உள்ளே இருப்பது உண்மையான பேஸ்பால். பந்தைப் படிப்பது பற்றிக் கீழே சொல்பவை அதற்கும் பொருந்தும்.

பட்டன்களை பிளேஸ்டேஷன் கணக்கில் சொல்கிறோம். எக்ஸ்பாக்ஸில் எக்ஸுக்குப் பதில் ஏ, வட்டத்துக்குப் பதில் பி, சதுரத்துக்குப் பதில் எக்ஸ், முக்கோணத்துக்குப் பதில் ஒய். இருக்கும் இடம் ஒன்றுதான்.

டிவியைச் சரிசெய்யாமல் ஆட்டத்தைத் திறக்காதீர்கள்

இன்றைய டிவிகள் படத்தை மெருகேற்றுவதற்காக ஒவ்வொரு காட்சியையும் கொஞ்சம் பிடித்துவைத்துத்தான் திரைக்கு அனுப்புகின்றன. சினிமா பார்க்கும்போது அது தெரியாது. இங்கே பந்து உண்மையில் பிளேட்டை நெருங்கிவிட்ட பிறகும் உங்கள் கண்ணுக்குப் பாதி வழியில் இருப்பதுபோலத் தெரியும். நீங்கள் சரியாகத்தான் அழுத்துவீர்கள், ஆட்டம் ‘லேட்’ என்று சொல்லும். பலர் தங்களுக்குக் கைவேகம் இல்லை என்று நினைத்துச் சோர்ந்துபோவது இதனால்தான்.

டிவியின் பட அமைப்புகளில் கேம் மோட் இருக்கும். எல்ஜியில் அதன் பெயர் கேம் ஆப்டிமைசர். கன்சோல் சொருகியிருக்கும் எச்டிஎம்ஐ இணைப்புக்கு அதை இயக்குங்கள். அசைவை வழவழப்பாக்கும் வசதி ஏதாவது ஓடிக்கொண்டிருந்தால் நிறுத்துங்கள். பக்கத்தில் கம்ப்யூட்டர் மானிட்டர் இருந்தால் அதில் சொருகி ஆடுவது இன்னும் நல்லது. ஆட்டத்தின் மிக எளிய நிலையில்கூட எல்லாப் பந்துக்கும் ‘லேட்’ வந்தால் முதலில் டிவியைச் சந்தேகப்படுங்கள், அப்புறம் உங்களை.

விதிகளில் இவ்வளவு தெரிந்தால் போதும்

ஒன்பது இன்னிங்ஸ். ஒவ்வொன்றிலும் இரு அணிக்கும் தலா மூன்று அவுட். ஒரு பேட்டருக்கு மூன்று ஸ்டிரைக் விழுந்தால் அவுட். நான்கு ‘பால்’ கிடைத்தால் இலவசமாக முதல் பேஸுக்கு நடக்கலாம் (பேஸ் என்பது ரன் எடுக்க ஓடுபவர் வரிசையாகத் தொட வேண்டிய நிறுத்தம்). ஸ்டிரைக் ஜோன் என்பது ஹோம் பிளேட்டுக்கு மேலே, பேட்டரின் முழங்கால் பகுதியிலிருந்து நெஞ்சுக்குச் சற்றுக் கீழே வரை உள்ள கற்பனைப் பெட்டி. பிளேட்டின் அகலம் 17 அங்குலம். பெட்டிக்குள் வந்த பந்தை விட்டால் ஸ்டிரைக், வெளியே போன பந்தை விட்டால் ‘பால்’. எங்கே வந்த பந்தானாலும் வீசித் தவறினால் ஸ்டிரைக். ஃபவுலும் (கோட்டுக்கு வெளியே போகும் அடி) ஸ்டிரைக்தான், ஆனால் மூன்றாவது ஸ்டிரைக்காக அதை எண்ண மாட்டார்கள்.

கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. ரன் எடுக்க வேண்டுமென்றால் மட்டையை வீச வேண்டும் என்று நம் கை பழகியிருக்கிறது. இங்கே வெளியே போகும் பந்தை விடுவதும் பேட்டிங்தான். நான்கு பந்துகளைச் சும்மா பார்த்துக்கொண்டு நின்றாலே பேஸ் கிடைக்கும், கூடவே பிட்சரின் தெம்பும் கரையும்.

முதல் நாள் மாற்ற வேண்டிய அமைப்புகள்

ஆட்டப் பாணி மூன்று இருக்கும்: காஷுவல், சிமுலேஷன், காம்பெடிட்டிவ். காஷுவலில் தொடங்குங்கள். கடின நிலைக்கு ‘டைனமிக்’ என்பதைத் தேர்ந்தெடுங்கள். இது உங்கள் பேட்டிங்கையும் பிட்சிங்கையும் தனித்தனியாக அளந்து, நீங்கள் தேறத் தேற மேலே ஏற்றும். புதியவர்கள் பெரும்பாலும் பிட்சிங்கில் சீக்கிரம் தேறிவிடுவார்கள், பேட்டிங் பின்தங்கும். ஒரே நிலையை இரண்டுக்கும் வைத்தால் ஒன்று சலிக்கும், மற்றது கசக்கும். நீங்களே நிலையைத் தேர்ந்தெடுக்க விரும்பினால் ரூக்கி, வெட்டரன், ஆல்-ஸ்டார், ஹால் ஆஃப் ஃபேம், லெஜண்ட் என்று போகும் ஏணியில் ரூக்கியில் காலை வையுங்கள்.

அடுத்து கேமரா. பேட்டிங் கேமராவை ‘ஸ்டிரைக் ஜோன்’ என்று தொடங்கும் கோணங்களில் ஒன்றுக்கு மாற்றுங்கள். டிவி ஒளிபரப்பு போன்ற கோணம் அழகாக இருக்கும், ஆனால் பந்து தாழ்வாக வருகிறதா உயரமாக வருகிறதா என்பதை அதில் கணிப்பது கடினம். ஸ்டிரைக் ஜோன் கோணத்தில் பிட்சரின் கை பெரிதாகத் தெரியும். உங்கள் கண் நிலைக்க வேண்டிய இடம் அந்தக் கைதான். ஒரு கோணத்தைப் பிடித்தபின் குறைந்தது பத்து ஆட்டங்களுக்கு அதை மாற்றாதீர்கள். ஒவ்வொரு தடவை மாற்றும்போதும் கண் புதிதாகப் பழக வேண்டியிருக்கும்.

பேட்டிங் முறை மூன்று. ‘டைமிங்’ முறையில் நேரத்தை மட்டும் பார்த்து அழுத்தினால் போதும். ‘டைரக்ஷனல்’ முறையில் எந்தப் பக்கம் அடிக்க வேண்டும் என்று சாய்த்துச் சொல்லலாம், மீதியை வீரரின் திறன் எண்கள் பார்த்துக்கொள்ளும். ‘ஜோன்’ முறையில் நீங்களே இடது ஸ்டிக்கால் குறியைப் பந்து வரும் இடத்துக்குக் கொண்டுபோக வேண்டும். முதல் நான்கைந்து ஆட்டங்களை டைமிங்கில் ஆடிவிட்டு நேரே ஜோனுக்குப் போய்விடுங்கள். நடுவிலுள்ளதில் தங்கினால் கற்பதற்கு அதிகம் இல்லை. ஜோன் ஆரம்பத்தில் படுத்தும். ஆனால் உங்கள் முன்னேற்றம் உங்கள் கண்ணுக்கே தெரிவது அதில்தான்.

பிட்சிங்குக்கு ‘மீட்டர்’, எறிவதற்கு ‘பட்டன் அக்யூரசி’, ஓட்டத்துக்கு ஆட்டோ. இப்போதைக்கு இவ்வளவு போதும்.

முப்பது பந்துகள், மட்டையைத் தொடாமல்

மெனுவில் ‘கஸ்டம் பிராக்டிஸ்’ என்று ஒரு பயிற்சி முறை இருக்கிறது. பிட்சர் யார், எந்த வகைப் பந்து, எந்த இடத்தில் என்று நீங்களே வகுத்துக்கொள்ளலாம். புதியவர்கள் இதைத் திறப்பதே இல்லை. முதல் வாரத்தில் இதில் செலவிடும் அரை மணி நேரம் ஐந்து ஆட்டங்களுக்குச் சமம்.

1. வலது கை பிட்சர் ஒருவரை எடுத்து, ஃபாஸ்ட்பால் மட்டும் வைத்து, முப்பது பந்துகளை அடிக்காமல் பாருங்கள். ஒவ்வொன்றும் கையை விட்டதும் ‘உள்ளே’ அல்லது ‘வெளியே’ என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். பந்து கேட்சரிடம் (பேட்டருக்குப் பின்னால் பந்தைப் பிடிப்பவர்) போகும் முன் சொல்லி முடித்திருக்க வேண்டும்.
2. அடுத்த முப்பதில் உள்ளே வருபவற்றை மட்டும் அடியுங்கள்.
3. சேஞ்சப்பைச் சேருங்கள். ஃபாஸ்ட்பாலைப் போன்றே தோன்றி, மணிக்குப் பத்து மைல் அளவு மெதுவாக வரும். இதற்கு முன்கூட்டி வீசி ஏமாறுவீர்கள். ஏமாறுங்கள், அதற்குத்தான் பயிற்சி.
4. பிறகு கர்வ்பால், ஸ்லைடர், சிங்கர், ஒரு தடவைக்கு ஒன்று.

பந்தை அதன் பிறப்பிடத்திலேயே பிரித்தறிய வேண்டும். கர்வ்பால் கையை விட்டதும் ஒரு கணம் மேலே எழும்பும், பிறகுதான் விழும். அந்தச் சின்னத் துள்ளல் தெரிந்தால் கர்வ்பால் என்று முடிவு கட்டலாம். நேர்கோட்டில் கிளம்புவது ஃபாஸ்ட்பால், சேஞ்சப், சிங்கர், ஸ்லைடர் எதுவாகவும் இருக்கலாம். உங்கள் திரையில் வலது கை பிட்சரின் ஸ்லைடர் கடைசியில் வலப்பக்கம் நழுவும், அதாவது வலது கை பேட்டரை விட்டு விலகும். சிங்கர் இடப்பக்கம் இறங்கி பேட்டரின் கைகளை நோக்கி வரும். இடது கை பிட்சருக்கு எல்லாம் தலைகீழ். நடுவே வருவதுபோலத் தெரியும் ஸ்லைடர் ஓரத்தில் முடியும். வெளியே கிளம்பிய சிங்கர் உள்ளே வந்து ஸ்டிரைக் ஆகும். இந்த இரண்டையும் பழக்கப்படுத்திக்கொண்டால் பாதிக் கிணறு தாண்டியாகிவிட்டது.

குறியை எப்படி நகர்த்துவது

ஜோன் முறையில் திரையில் தெரியும் குறிக்கு பிசிஐ என்று பெயர். இடது ஸ்டிக்கை விட்டால் அது நடுவுக்குத் திரும்பிவிடும். அதன் அளவு பேட்டரின் திறன் எண்களைப் பொறுத்தது. பார்வைத் திறனும் தொடுதிறனும் குறைந்த வீரருக்குக் குறி சுருங்கியிருக்கும். அவரை வைத்துக்கொண்டு பெரிய அடிக்கு ஆசைப்படக் கூடாது.

எக்ஸ் சாதாரண வீச்சு. சதுரம் பவர் வீச்சு: பட்டால் தூரம் போகும், ஆனால் குறி சிறுத்துவிடும். வட்டம் காண்டாக்ட் வீச்சு: குறி பெருக்கும், அடி மென்மையாகும். புதியவர்கள் சதுரத்தை மறந்துவிடுவது உத்தமம். நூற்றுக்குத் தொண்ணூறு தடவை எக்ஸ். இரண்டு ஸ்டிரைக் விழுந்து தப்பிக்க வேண்டிய நேரத்தில் வட்டம். பட்டனை லேசாகத் தட்டி உடனே விட்டால் மட்டை பாதியில் நின்றுவிடும். அடிப்பதென்று முடிவு செய்தால் முழுதாக அழுத்துங்கள்.

அதிகம் நடக்கும் தவறு, ஸ்டிக்கை விளிம்புவரை தள்ளிவிடுவது. பந்து கொஞ்சம் தாழ்வாக வந்தால் குறியும் கொஞ்சம்தான் தாழ வேண்டும். கட்டைவிரலால் வருடுவதுபோல அசைத்துப் பழகுங்கள். குறி பந்துக்குக் கீழே இருந்தால் பந்து மேலெழுந்து கேட்சாகும். மேலே இருந்தால் தரையில் உருளும். ஆட்டம் முழுக்க வானத்தில் கேட்ச் கொடுத்துக்கொண்டே இருந்தால் உங்கள் விரல் தன்னையறியாமல் கீழே இழுக்கிறது என்று பொருள்.

ஒவ்வொரு அடிக்கும் பிறகு திரையின் ஓரத்தில் ஒரு சிறு பெட்டி வரும். எப்போது வீசினீர்கள், குறி எங்கே இருந்தது, பந்து எங்கே இருந்தது என்று அதில் எல்லாம் இருக்கும். அதைப் படிக்காமல் அடுத்த பந்துக்குப் போவது, விடைத்தாளைத் திருப்பிப் பார்க்காமலே மறுபடி தேர்வு எழுதுவது போன்றது. எல்லா வகைப் பந்துக்கும் ‘எர்லி’ வந்தால் நீங்கள் பந்தைப் பார்க்கும் முன்பே முடிவெடுத்துவிடுகிறீர்கள். ஃபாஸ்ட்பாலுக்கு மட்டும் ‘லேட்’ வந்தால் மெதுவான பந்தை எதிர்பார்த்துக் காத்திருக்கிறீர்கள். ‘குட்’ வந்தும் அவுட் ஆனால் குறியைப் பாருங்கள், அது விலகியிருக்கும். நேரமும் குறியும் கச்சிதமாகப் பொருந்தியும் சில நேரம் ஃபீல்டர் கையில் போய் விழும். அது பேஸ்பாலின் இயல்பு, அதற்காக எதையும் மாற்றாதீர்கள்.

25ஆம் பதிப்பில் ஆம்புஷ் என்று ஒன்று வந்திருக்கிறது. பிட்சர் வீசும் முன் வலது ஸ்டிக்கை இடமோ வலமோ தட்டி, பந்து எந்தப் பக்கம் வரும் என்று ஊகிக்கலாம். சரியாக ஊகித்தால் அந்தப் பக்கத்தில் குறி பெருக்கும், தவறினால் சுருங்கும். முதல் பத்து மணி நேரத்தில் இதைத் தொட வேண்டாம். பந்தைப் படிக்கும் பழக்கம் வருமுன் ஊகிக்கும் பழக்கம் வந்துவிட்டால் பிறகு அதைக் கழற்றுவது பெரும்பாடு.

ஒரு பேட்டரின் ஐந்து பந்துகள்

வலது கை பிட்சர், வலது கை பேட்டர், பேஸில் யாரும் இல்லை என்று வைத்துக்கொள்வோம்.

முதல் பந்து. விரலை பட்டனிலிருந்து எடுத்துவிடுங்கள். வெளி ஓரத்தில் தாழ்வாக ஃபாஸ்ட்பால், ஸ்டிரைக். நஷ்டமில்லை, வேகம் எவ்வளவு என்று தெரிந்துவிட்டது. இரண்டாவது பந்து நடுவே கிளம்பி, கடைசி நேரத்தில் வலப்பக்கம் நழுவுகிறது. ஸ்லைடர். வீசியிருந்தால் காற்றைத்தான் அடித்திருப்பீர்கள். விட்டதால் ஒரு ‘பால்’, ஒரு ஸ்டிரைக். மூன்றாவது உள்பக்கம் உயரமாக ஃபாஸ்ட்பால். எக்ஸ் அழுத்துகிறீர்கள், ‘ஜஸ்ட் லேட்’, ஃபவுல். இப்போது இரண்டு ஸ்டிரைக், விரல் வட்டத்துக்கு மாற வேண்டும். நான்காவது பந்து கையை விட்டதும் துள்ளுகிறது. கர்வ்பால், பெரும்பாலும் மண்ணில் விழும். விடுகிறீர்கள். இரண்டுக்கு இரண்டு. ஐந்தாவது ஃபாஸ்ட்பால் போலவே வருகிறது, வீசுகிறீர்கள், ‘எர்லி’. சேஞ்சப். பந்து மூன்றாவது பேஸ் பக்கம் உருண்டு போய் அவுட்.

ஸ்கோர்போர்டில் இது ஒரு அவுட் மட்டும்தான். ஆனால் ஐந்து பந்துகளில் அந்த பிட்சர் தன் கையிலுள்ள நான்கு வகைகளையும் காட்டிவிட்டார். இரண்டு ஸ்டிரைக் விழுந்ததும் சேஞ்சப்பை நம்புகிறார் என்பதும் தெரிந்துவிட்டது. அடுத்த முறை அதே கட்டம் வரும்போது அரை மூச்சு கூடுதலாகக் காத்திருப்பீர்கள். முதல் பந்திலேயே வீசி அவுட் ஆகியிருந்தால் இதில் எதுவும் கிடைத்திருக்காது.

கணக்கு உங்கள் பக்கம் இருக்கும்போது, அதாவது ஸ்டிரைக் இல்லாமல் இரண்டு ‘பால்’, அல்லது மூன்று ‘பால்’ ஒரு ஸ்டிரைக் என்ற நிலையில், பிட்சர் ஸ்டிரைக் போட்டாக வேண்டிய கட்டாயத்தில் இருப்பார். அப்போது பெட்டியின் ஒரு பகுதியை மட்டும் மனத்தில் வைத்து, அங்கே ஃபாஸ்ட்பால் வந்தால் அடியுங்கள். வேறு எது வந்தாலும் விடுங்கள்.

பிட்சிங்: மீட்டரில் பிடி கிடைக்கட்டும்

எக்ஸ், வட்டம், முக்கோணம், சதுரம், ஆர்1 ஆகியவற்றில் பிட்சரின் பந்து வகைகள் இருக்கும். எக்ஸில் இருப்பது அவருடைய முதன்மைப் பந்து. வகையை அழுத்தி, இடது ஸ்டிக்கால் இடத்தைக் குறித்து, மீட்டரை ஓடவிட்டு, உச்சியில் ஒரு தடவை வேகத்துக்கும் திரும்பி வரும்போது கோட்டில் ஒரு தடவை துல்லியத்துக்கும் அழுத்த வேண்டும். கோட்டைத் தவறவிட்டால் பந்து நீங்கள் காட்டிய இடத்தை விட்டு விலகும், பெட்டியின் நடுவில் போய் உட்கார்ந்தால் மைதானத்துக்கு வெளியேதான் தேட வேண்டும். அதனால் ஓரத்தைக் குறி வைக்கும்போது கோட்டுக்கு உள்ளே வைக்காமல் கோட்டின் மீதே வையுங்கள். தவறினாலும் பாதி நேரம் வெளியேதான் போகும்.

தாழ்வாக, வெளி ஓரத்தில் வீசுவதை அடித்தளமாக வைத்துக்கொண்டு இடையிடையே உயரமான ஃபாஸ்ட்பாலைக் காட்டுங்கள். ஒரே வகையை ஒரே இடத்தில் மூன்று தடவை போடாதீர்கள். இரண்டு ஸ்டிரைக் எடுத்தபின் பெட்டிக்குள் வீச வேண்டிய அவசியமே இல்லை, வெளியே இழுத்துப் பாருங்கள்.

பிட்சரின் தெம்புக் கோடு குறையத் தொடங்கியதும் மாற்று ஆளை உடனே இறக்கிவிடாதீர்கள். டி-பேடில் வரும் விரைவு மெனுவில் புல்பென்னை (மாற்று பிட்சர்கள் தயாராகும் இடம்) திறந்து முதலில் அவரைத் தயார்ப்படுத்த வேண்டும். சூடேறாமல் வந்தவர் அடிவாங்குவார். ஆகவே கோடு பாதிக்குக் கீழே போகும்போதே ஒருவரைத் தயார் செய்யத் தொடங்குங்கள்.

மீட்டர் கைவசமானபின் ‘பின்பாயிண்ட்’ முறைக்கு வாருங்கள். 2021 பதிப்பில் வந்த இந்த முறையில் ஒவ்வொரு வகைப் பந்துக்கும் ஒரு கோலம் உண்டு, அதை வலது ஸ்டிக்கால் வரைய வேண்டும். ஃபாஸ்ட்பாலுக்குக் கீழே இழுத்து நேரே மேலே தள்ளுவது. கர்வ்பாலுக்கு வளைவு கூடும். கோலத்தின் வடிவம், வரையும் வேகம், கடைசித் தள்ளலின் நேரம் மூன்றும் அமைந்தால் பந்து வைத்த இடத்தில் விழும். அவசரமாகச் சுழற்றுவதுதான் பொதுவான பிழை. திரையில் வழிகாட்டும் வளையத்தின் வேகத்துக்கு உங்கள் விரல் இறங்கிவர வேண்டும்.

ஃபீல்டிங், ஓட்டம்

எறிவதற்கு பட்டன்களை மைதானமாக நினைத்துக்கொள்ளுங்கள். வலப்பக்கம் வட்டம் முதல் பேஸ், மேலே முக்கோணம் இரண்டாவது, இடப்பக்கம் சதுரம் மூன்றாவது, கீழே எக்ஸ் ஹோம். பட்டனைப் பிடித்தால் மீட்டர் ஓடும், பச்சைப் பகுதியில் விட்டால் எறி நேராகப் போகும். பந்து கைக்கு வரும் முன்பே பட்டனை அழுத்திவைக்கலாம். அந்த முன்யோசனை இல்லாவிட்டால் ஃபீல்டர் பந்தோடு ஒரு கணம் நின்றுவிடுவார்.

முதல் பேஸில் ரன்னர் இருக்கும்போது பந்து உள்வட்டத்தில் உருண்டு வந்தால் முக்கோணம், பிறகு வட்டம். பின்னால் பேட்டர் ஓடி வருவதால் ரன்னர் இரண்டாவது பேஸுக்குப் போயே ஆக வேண்டும், அதனால் அவரைத் தொட வேண்டியதில்லை, பேஸை மிதித்தால் போதும். இரண்டு அவுட் சேர்ந்து கிடைக்கும். எதற்கெடுத்தாலும் ஹோமுக்கு எறிவதை நிறுத்துங்கள். தூரத்து எறி தவறினால் எல்லா ரன்னரும் ஒரு பேஸ் கூடுதலாக நகர்வார்கள்.

ஓட்டத்தை ஆட்டோவிலிருந்து மாற்றும் நாளில் எல்1 எல்லோரையும் முன்னே போகச் சொல்லும், ஆர்1 திரும்பச் சொல்லும். வானத்தில் எழும்பிய பந்துக்கு எல்1ஐ அழுத்திவிடுவதுதான் எல்லோரும் செய்யும் பிழை. கேட்ச் பிடிக்கப்பட்டால் ரன்னர் கிளம்பிய பேஸைத் திரும்பத் தொட்டாக வேண்டும். அதற்குள் எறி வந்துவிட்டால் இரண்டாவது அவுட். பந்து மேலே எழுந்தால் விரலை எடுத்துவிட்டுக் காத்திருங்கள். பேஸ் திருடுவதை, அதாவது பிட்சர் வீசும்போதே அடுத்த பேஸுக்கு ஓடுவதை, இப்போதைக்கு விட்டுவிடலாம்.

எந்த மோடில் ஆடுவது

‘ரோட் டு தி ஷோ’ ஒரே வீரரை உருவாக்கி வளர்ப்பது. 25இல் பள்ளிப் பருவத்திலிருந்து தொடங்கி, வாண்டர்பில்ட், எல்எஸ்யு போன்ற கல்லூரிகள் வழியாகவும் போகலாம். உங்கள் வீரர் பேட் செய்யும் வாய்ப்புகள் மட்டும் வரும் என்பதால் கற்பதற்கு நல்ல இடம். ‘ஃபிரான்சைஸ்’ ஓர் அணியை நிர்வகிப்பது. ஒரு சீசனுக்கு 162 ஆட்டங்கள் என்பதால் பொறுமை வேண்டும். ‘மார்ச் டு அக்டோபர்’ அதன் சுருக்கம்: முக்கியக் கட்டங்களை மட்டும் ஆடலாம்.

‘ஸ்டோரிலைன்ஸ்’ பற்றிக் கொஞ்சம் நிறுத்திச் சொல்ல வேண்டும். நிறவெறியால் மேஜர் லீக்கிலிருந்து விலக்கப்பட்ட கறுப்பின வீரர்கள் தங்களுக்கென நடத்திய நீக்ரோ லீக்குகளின் கதை இது. 2023 பதிப்பில் தொடங்கியது. கன்சாஸ் சிட்டியில் உள்ள நீக்ரோ லீக்ஸ் பேஸ்பால் அருங்காட்சியகத்தின் தலைவர் பாப் கென்ட்ரிக் ஒவ்வொரு வீரரையும் நேரில் பேசி அறிமுகப்படுத்துகிறார். சாட்செல் பேஜ், ஜாக்கி ராபின்சன், ஜாஷ் கிப்சன் என்று பதிப்புக்குப் பதிப்பு புதிய பெயர்கள் சேர்ந்தன. 2024இல் மேஜர் லீக் அந்த லீக்குகளின் கணக்குகளையும் தன் பதிவேட்டில் சேர்த்தபோது கிப்சனின் .372 வாழ்நாள் பேட்டிங் சராசரி பழைய மேஜர் லீக் வீரர் டை காப்பின் .367ஐத் தாண்டி முதலிடத்துக்கு வந்தது. கதைக்கு இடையே வரும் ஆட்டத் துண்டுகள் சிறியவை, ஒவ்வொன்றிலும் ஒரே இலக்குதான். புதியவர் கை பழக இதைவிட நல்ல இடம் இந்த விளையாட்டில் இல்லை.

‘டயமண்ட் டைனஸ்டி’ அட்டைகள் சேர்த்து அணி கட்டுவது. பணம் கறக்கும் இடமும் இதுதான். அட்டையின் மதிப்பெண் 85 அல்லது அதற்கு மேல் இருந்தால் டயமண்ட், 80 முதல் 84 வரை தங்கம், 75 முதல் 79 வரை வெள்ளி. ஆட்டத்துக்குள் புழங்கும் நாணயம் ஸ்டப்ஸ். அதை நிஜப் பணம் கொடுத்து வாங்காதீர்கள். அட்டைகள் அடுத்த ஆண்டுப் பதிப்புக்குக் கூட வராது, ஆடியே போதுமான அளவு சேர்க்கலாம். தனியாளாக ஆடும் ‘கான்க்வெஸ்ட்’ வரைபடங்களில் மூன்று இன்னிங்ஸ் ஆட்டங்கள்தான். பரிசும் உண்டு, தோற்றாலும் பெரிய சேதமில்லை. சந்தையில் ‘இப்போதே வாங்கு’ என்பதை விட்டு, நீங்கள் ஒரு விலை குறித்து ஆர்டர் வையுங்கள், கொஞ்சம் காத்திருந்தால் மலிவாகக் கிடைக்கும். விற்கும்போது 10 சதவீதம் வரியாகப் போகும் என்பதைக் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். ஆயிரம் ஸ்டப்ஸுக்கு வாங்கியதை 1,100க்கு விற்றால் கையில் வருவது 990.

ஆன்லைன் போட்டிக்கு எப்போது போகலாம்? ஆல்-ஸ்டார் நிலையில் கணினியோடு ஆடி, ஓர் ஆட்டத்தில் இரண்டு மூன்று தடவையாவது நான்கு ‘பால்’ வாங்கி நடக்கும் அளவுக்குப் பொறுமை வந்தபின். எத்தனை ஹோம் ரன் அடித்தீர்கள் என்பதை அப்போது எண்ண வேண்டாம். ஆட்டம் முடிந்ததும் வரும் புள்ளிப் பட்டியலில் நடைகளின் எண்ணிக்கையைப் பாருங்கள். அது பூஜ்யமாகவே இருந்தால் மறுபடி கஸ்டம் பிராக்டிஸைத் திறந்து, முப்பது பந்துகளை அடிக்காமல் பாருங்கள்.